ஒளிப்பதிவாளர் என்ன செய்கிறார்? ஸ்வென் நிக்விஸ்ட் வழியாக ஓர் அறிமுகம்

சுவீடனில் ஒரு பழைய தேவாலயம். குளிர்காலம். காலை 11 மணிக்கு இரண்டு பேர் உள்ளே வந்து ஒரு பெஞ்சில் உட்கார்கிறார்கள். பிற்பகல் 2 மணி வரை அங்கேயே இருக்கிறார்கள். ஜன்னல் வழியே வரும் வெளிச்சம் சுவரிலும் தரையிலும் எப்படி நகர்கிறது, எப்போது மங்குகிறது, எப்போது சற்றுத் தெளிகிறது என்று பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள். ஒருவர் இயக்குநர் இங்மார் பெர்க்மன். மற்றவர் அவருடைய ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட். 1963இல் வெளியான ‘விண்டர் லைட்’ படத்துக்கான முன்தயாரிப்பு இது. அந்தப் படத்தின் கதை ஒரு ஞாயிற்றுக்கிழமை நண்பகலை ஒட்டிய சில மணி நேரத்துக்குள் நடந்து முடிந்துவிடும். அந்த நேரத்து வெளிச்சம் உண்மையில் எப்படி இருக்கும் என்று தெரியாமல் படம் எடுக்க அவர்களுக்கு மனம் வரவில்லை.

ஒளிப்பதிவாளர் வேலை என்றால் என்ன என்று யாராவது கேட்டால் நான் முதலில் சொல்வது இந்தத் தேவாலயக் கதையைத்தான். கேமரா, லென்ஸ், விளக்கு எல்லாம் பிறகு வருபவை. வெளிச்சம் எங்கிருந்து வருகிறது, எதன் மேல் பட்டுத் திரும்புகிறது, ஒரு முகத்தை என்ன செய்கிறது என்று பொறுமையாகப் பார்க்கத் தெரிவதுதான் அந்த வேலையின் முதல் பாடம். நிக்விஸ்ட்டின் தொழில் வாழ்க்கை முழுவதும் இந்த ஒன்றைத்தான் திரும்பத் திரும்பக் காட்டுகிறது. ஐரோப்பிய சினிமாவில் ஓர் ஒளிப்பதிவாளர் எப்படி உருவாகிறார், எப்படி வேலை செய்கிறார் என்று புரிந்துகொள்ள அவரைவிட நல்ல துணை எனக்குத் தெரியவில்லை.

ஒரு வரி, நூறு முடிவுகள்

திரைக்கதையில் ஒரு வரி இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம்: ‘அவள் ஜன்னலருகே உட்கார்ந்து கடிதம் படிக்கிறாள்.’ எழுதியவருக்கு அதோடு வேலை முடிந்தது. ஒளிப்பதிவாளருக்கு இங்கேதான் தொடங்குகிறது. காலையா, மாலையா? வெயிலா, மேகமா? கேமரா ஜன்னல் பக்கம் நின்று அவள் முகத்தைப் பார்க்கிறதா, அறைக்குள் நின்று அவளை வெளிச்சத்துக்கு எதிரே நிழலுருவாகப் பார்க்கிறதா? எவ்வளவு தூரத்திலிருந்து? அவளுடைய கண் மட்டத்திலா, அதற்கு மேலேயா? 25 மில்லிமீட்டர் லென்ஸ் போட்டால் அறை முழுவதும் விரிந்து தெரியும், அவள் சிறியவளாகிவிடுவாள். 85 மில்லிமீட்டர் போட்டால் அறை மறைந்து முகம் மட்டும் நிற்கும். முகத்தின் மறுபாதி இருட்டில் இருக்கட்டுமா, கொஞ்சம் தெரியட்டுமா? இவை ஒவ்வொன்றும் கதை சொல்லும் முடிவு. இயக்குநரோடு பேசி இந்த முடிவுகளை எடுப்பவரும், எடுத்ததைப் படத்தில் கொண்டுவந்து சேர்ப்பவரும் ஒளிப்பதிவாளர்தான்.

இதைத் தனியாளாகச் செய்ய முடியாது. அவருக்குக் கீழே ஒரு குழு உண்டு. லென்ஸின் தெளிவைக் கையால் திருப்பிப் பிடித்துக்கொண்டே இருப்பவர் ஃபோகஸ் புல்லர். நெருக்கமான ஷாட்டில், லென்ஸின் துளையை நன்றாகத் திறந்து வைத்திருக்கும்போது, தெளிவாகத் தெரியும் ஆழம் சில அங்குலம்தான். நடிகர் உணர்ச்சிவசப்பட்டு லேசாக முன்னால் சாய்ந்தாலே கண்கள் மங்கிப்போகும். அதனால் ஃபோகஸ் புல்லரும் காட்சியோடு சேர்ந்து மூச்சுவிட வேண்டியிருக்கிறது. விளக்குகளுக்குப் பொறுப்பான தலைமை லைட்மேனை கேஃபர் என்பார்கள். தண்டவாளம், டிராலி, கிரேன் ஆகியவற்றைப் பார்த்துக்கொள்ளும் கிரிப் குழு இன்னொன்று. படச்சுருள் காலத்தில் சுருளை இருட்டில் மாற்றிப் போட ஓர் உதவியாளர் இருந்தார். இன்று அந்த இடத்தில் தரவுகளைப் பத்திரமாக நகலெடுக்கும் ஒருவர் இருக்கிறார்.

கேமராவை இயக்குவது யார் என்பதில் ஊருக்கு ஊர் பழக்கம் மாறும். ஹாலிவுட்டின் தொழிற்சங்க விதிகளின்படி அந்த வேலைக்குத் தனியாக ஓர் ஆபரேட்டர் இருப்பார். ஒளிப்பதிவாளர் விளக்கையும் ஒட்டுமொத்தத் தோற்றத்தையும் பார்த்துக்கொள்வார். ஐரோப்பாவின் சிறிய குழுக்களில் பல ஒளிப்பதிவாளர்கள் தாங்களே வியூஃபைண்டரில் கண் வைத்துப் படம் பிடித்தார்கள். நிக்விஸ்ட் அப்படிப்பட்டவர். நடிகரின் முகத்தில் ஏதோ ஒன்று நடக்கும்போது அதை முதலில் பார்க்கும் கண் தன்னுடையதாக இருக்க வேண்டும் என்று விரும்பினார்.

உயரம் தாண்டிய பையன்

நிக்விஸ்ட் 1922 டிசம்பர் 3 அன்று தெற்கு சுவீடனின் மோஹேடா என்ற ஊரில் பிறந்தார். பெற்றோர் லூத்தரன் மிஷனரிகள். பெரும்பாலான காலம் அன்றைய பெல்ஜியன் காங்கோவில் இருந்தார்கள். பையன் சுவீடனில் உறவினர்களிடம் வளர்ந்தான். பெற்றோரைப் பார்ப்பதே அரிது. ஆப்பிரிக்க விலங்குகளைப் படம் எடுப்பதில் அவருடைய அப்பாவுக்கு ஆர்வம் அதிகம். தூரத்தில் இருக்கும் அப்பா அம்மாவைப் படங்களின் வழியாகவே அதிகம் தெரிந்துகொண்ட ஒரு பையன் பின்னாளில் முகங்களைப் படம் பிடிப்பதில் உலகத்துக்கே ஆசானானான் என்பது எனக்குத் தற்செயலாகத் தோன்றவில்லை. இது என் ஊகம்தான்.

இளமையில் அவர் நல்ல விளையாட்டு வீரர். முதன்முதலில் திரைப்படக் கேமராவால் அவர் எடுத்தது, தான் உயரம் தாண்டுவதை. எங்கே கால் பிசகுகிறது என்று பார்த்துத் திருத்திக்கொள்வதற்காக. பிறகு ஸ்டாக்ஹோமில் ஒரு வருடம் புகைப்படக் கலை படித்தார். 1941இல், 19 வயதில், சாண்ட்ரூஸ் என்ற படநிறுவனத்தில் கேமரா உதவியாளராகச் சேர்ந்தார். 1943இல் இத்தாலிக்குப் போய் ரோமின் சினேசிட்டா ஸ்டுடியோவில் வேலை பார்த்தார். சுவீடனுக்குத் திரும்பி, 1945இல் தனியாக ஒளிப்பதிவு செய்த முதல் படத்தை முடித்தார். உதவியாளராகச் சேர்ந்து சுமார் 4 வருடம். அந்தக் காலத்துக்கு இது வேகமான ஏற்றம்.

ஆனால் அதற்குப் பிந்தைய 15 வருடங்களைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. அதுதான் இந்தத் தொழிலில் மிக முக்கியமான பகுதி என்று நினைக்கிறேன். சுவீடனின் சிறிய படங்கள், இன்று பெயர் நினைவில்லாத படங்கள், ஒன்று மாற்றி ஒன்று. நடுவே ஆப்பிரிக்கா போய்ப் பெற்றோரோடு கொஞ்ச காலம் இருந்து அங்கே ஆவணப்படம் எடுத்தார். 1953இல் பெர்க்மனின் ‘சாடஸ்ட் அண்ட் டின்சல்’ படத்தில் வேலை கிடைத்தது. அதையும் வேறு ஒளிப்பதிவாளர்களோடு பகிர்ந்துகொண்டார். அடுத்த வாய்ப்புக்கு 7 வருடம் காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்த நாட்களில் பெர்க்மனின் ஒளிப்பதிவாளர் குன்னர் ஃபிஷர். 1957இல் வெளியான ‘தி செவன்த் சீல்’, ‘வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்’ இரண்டும் அவர் ஒளிப்பதிவு செய்தவை. கூர்மையான நிழல், அடர்ந்த கறுப்பு, பளீரென்ற வெள்ளை. மேடை நாடகம்போலத் திட்டமிட்ட அழகு. ‘தி வர்ஜின் ஸ்பிரிங்’ தொடங்கும் நேரத்தில் ஃபிஷர் டிஸ்னி நிறுவனத்தின் ஒரு வேலையில் இருந்தார். அந்த இடைவெளியில் நிக்விஸ்ட் உள்ளே வந்தார். 1960இல் வெளியான அந்தப் படம் சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. அதன்பிறகு பெர்க்மனோடு 20க்கும் மேற்பட்ட படங்கள். ஒருவருடைய தேதி ஒத்துவராததால் இன்னொருவருக்குக் கதவு திறந்தது. சினிமாவில் இது நடந்துகொண்டே இருக்கிறது. கதவு திறந்தபோது 15 வருடப் பழக்கம் அவர் கையில் இருந்தது.

நிழலே விழாத ஒரு படம்

இப்போது தேவாலயத்துக்குத் திரும்புவோம். அந்த மூன்று மணி நேரத்தில் அவர்கள் கண்டது என்ன? குளிர்காலத்தில், மேகம் மூடிய வானத்தின் கீழ், அந்தக் கட்டடத்துக்குள் நிழலே விழவில்லை.

இதைப் புரிந்துகொள்ள ஒளியின் அடிப்படை ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். சித்திரை மாத உச்சி வெயிலில் முற்றத்தில் நின்றால் மூக்கின் நிழல் உதட்டின் மேல் கத்தியால் வெட்டியதுபோல் விழும். கண்குழிகள் இருண்டுவிடும். சூரியன் பெரியதுதான், ஆனால் நாம் பார்க்கும் வானத்தில் அது ஒரு சின்ன வட்டம். சின்ன இடத்திலிருந்து வரும் ஒளி கூர்மையான நிழலை உண்டாக்கும். இதைக் கடின ஒளி என்பார்கள். அதே முற்றத்தில், மழை வருவதற்கு முன் வானம் முழுவதும் மூடிக்கொண்டிருக்கும்போது நின்று பாருங்கள். முகம் சீராக, மென்மையாகத் தெரியும். இப்போது ஒளி வானம் முழுவதிலிருந்தும் வருகிறது. ஒளி வரும் இடம் அகலமாக அகலமாக நிழலின் விளிம்பு கரையும். இது மென் ஒளி.

அதுவரை ஸ்டுடியோக்களில் இருந்த பழக்கம் வேறு. செட்டுக்குக் கூரை கிடையாது. மேலே வரிசையாக விளக்குகளைத் தொங்கவிட்டு, முகத்துக்கு ஒன்று, எதிர்ப்பக்க நிழலைக் குறைக்க ஒன்று, தலைமுடிக்குப் பின்னால் பளபளப்புக்கு ஒன்று என்று அடிப்பார்கள். நட்சத்திரம் எங்கே நின்றாலும் தலையைச் சுற்றி ஒளிவட்டம் இருக்கும். அந்தப் பின்விளக்கு எந்த ஜன்னலிலிருந்து வருகிறது என்று யாரும் கேட்கவில்லை.

‘விண்டர் லைட்’ படத்துக்காக ஸ்டுடியோவில் தேவாலயத்தின் உட்புறத்தைக் கட்டினார் கலை இயக்குநர் பி. ஏ. லுண்ட்கிரென். அதற்குக் கூரையும் போட்டுவிட்டார். மேலே விளக்கு தொங்கவிட இடமில்லை. வேறு வழியில்லாமல் நிக்விஸ்ட் ஒளியை நேரடியாகப் பாய்ச்சுவதை விட்டார். விளக்கை எதன் மேலாவது அடித்துத் திருப்பி அனுப்புவது, பெரிய சட்டங்களில் தாளைக் கட்டி அதன் வழியாக வடித்து அனுப்புவது என்று போனார். தமிழ்நாட்டுப் படப்பிடிப்பில் தெர்மாகோல் பலகையில் விளக்கை அடித்துத் திருப்புவதைப் பார்த்திருந்தால் இந்த முறை உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். எங்காவது ஒரு நிழல் தெரிந்துவிட்டால் அந்தக் காட்சியைத் திரும்ப எடுத்தார்கள்.

இந்த யோசனை சுவீடனில் மட்டும் பிறக்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். 1956இல் வெளிவந்த சத்யஜித் ராயின் ‘அபராஜிதோ’ படத்துக்காக, வாரணாசி வீட்டின் முற்றத்தைக் கல்கத்தா ஸ்டுடியோவில் கட்டினார்கள். அந்த செட்டின் மேல் வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, கீழேயிருந்து விளக்கை அதன் மேல் அடித்து, திறந்த வானத்திலிருந்து வரும் வெளிச்சத்தை உண்டாக்கினார் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா. உண்மையான வெளிச்சம் எப்படி இருக்கிறது என்று முதலில் பார்த்து, அதை செட்டுக்குள் கொண்டுவர இருவரும் தனித்தனியாக வழி தேடினார்கள்.

‘விண்டர் லைட்’ படத்தை நான் முதன்முறை பார்த்தபோது சலிப்பாகத்தான் இருந்தது. நம்பிக்கை இழந்த ஒரு பாதிரியார், குளிர்ந்த தேவாலயம், குறைவான பேச்சு. இரண்டாம் முறை சத்தத்தை நிறுத்திவிட்டுப் பார்த்தேன். அப்போதுதான் ஒரு காட்சி பிடிபட்டது. பாதிரியார் தன் நம்பிக்கை உடைந்துபோனதைச் சொல்லி முடித்துத் தனியாக நிற்கும்போது, ஜன்னலில் வெளிச்சம் திடீரென ஓங்குகிறது. சாம்பல் நிறமாகவே ஓடிக்கொண்டிருந்த படத்தில் அந்த வெளிச்சம் நெஞ்சில் அடிக்கிறது. அதுவரை அரை மணி நேரத்துக்கும் மேலாக ஒளியை அடக்கி வைத்திருந்ததன் பலன் அது.

முகம்

பெர்க்மனுக்கு முகத்தைவிடப் பெரிய நிலப்பரப்பு கிடையாது. அதனால் நிக்விஸ்ட்டின் பெரும்பாடு முகங்களோடுதான். கண்ணுக்குள் ஒளி தெரியவில்லை என்றால் அந்த ஆள் என்ன நினைக்கிறார் என்று பார்ப்பவருக்குப் புரியாது என்று அவர் உறுதியாக நம்பினார். சிறிய, மென்மையான ஒரு ஒளிப்புள்ளி கருவிழியில் விழும்படி பார்த்துக்கொள்வார். ஒப்பனையையும் குறைக்கச் சொல்வார்; தோல் தோலாகத் தெரிய வேண்டும்.

1966இல் வந்த ‘பெர்சோனா’வில் இரண்டு பெண்களின் முகங்கள் ஒன்றாகும் அந்தப் புகழ்பெற்ற ஷாட்டைப் பலரும் பார்த்திருப்பீர்கள். பீபி ஆண்டர்சன் முகத்தில் பாதிக்கு மட்டும் வெளிச்சம், மறுபாதி இருட்டு. லிவ் உல்மன் முகத்திலும் அதேபோல் பாதி. பிறகு இரண்டு பாதிகளையும் லேபில் சேர்த்தார்கள். இன்று கணினியில் ஐந்து நிமிட வேலை. அன்று இரண்டு படப்பிடிப்புகளிலும் விளக்கின் கோணம், கேமராவின் தூரம், தலையின் சாய்வு எல்லாம் துல்லியமாகப் பொருந்தியாக வேண்டும்.

நிறத்தோடு ஒரு மல்லுக்கட்டு

கறுப்பு வெள்ளையில் கைதேர்ந்தவர்களுக்கு வண்ணம் எளிதாக வரவில்லை. பெர்க்மனும் நிக்விஸ்ட்டும் சேர்ந்து எடுத்த முதல் வண்ணப்படம் 1964இல் வந்த ‘ஆல் தீஸ் விமன்’. எக்கச்சக்கமான சோதனைகள் செய்து, ஒவ்வொரு நிறத்தையும் அளந்து எடுத்தார்கள். தொழில்நுட்பத்தில் குறையே இல்லை; ஆனால் காட்சிக்கு உயிர் வரவில்லை என்று அவர்களே உணர்ந்தார்கள்.

இதற்கு ஒரு காரணத்தை எளிமையாகச் சொல்லலாம். ஒளிக்கும் ஒரு நிறம் உண்டு. அதைக் கெல்வின் அளவில் சொல்வார்கள். ஸ்டுடியோவின் டங்ஸ்டன் விளக்கு சுமார் 3200 கெல்வின், மஞ்சள் கலந்தது. பகல் வெளிச்சம் சுமார் 5600 கெல்வின், நீலம் கலந்தது. நம் கண் இரண்டையும் தானாகச் சரிசெய்து வெள்ளையாகவே காட்டிவிடும். படச்சுருள் அப்படிச் செய்யாது. அதனால் எல்லா ஒளியையும் ஒரே நிறத்துக்குக் கொண்டுவருவதுதான் சரி என்று பாடப்புத்தகங்கள் சொல்லின. உண்மையான வீட்டில் அப்படியா இருக்கிறது? மாலையில் ஜன்னல் பக்கம் நீலமாகவும் விளக்குப் பக்கம் மஞ்சளாகவும் இருக்கும். அந்த வித்தியாசத்தில்தான் மாலை நேரமே இருக்கிறது. எல்லாவற்றையும் சரிசெய்துவிட்டால் மாலை போய்விடும்.

நிறத்தை அவர்கள் தங்கள் வசப்படுத்தியது ‘க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்’ படத்தில். மாரியஃப்ரெட் ஊருக்குப் பக்கத்தில் உள்ள டாக்சிங்கே-நேஸ்பி என்ற பழைய மாளிகையில் எடுத்தார்கள். சுவர், தரைவிரிப்பு, திரைச்சீலை எல்லாம் சிவப்பு. ஆன்மாவின் உட்புறம் ஈரமான சிவப்புச் சவ்வு என்று சிறுவயது முதலே பெர்க்மன் மனதில் ஒரு படம் இருந்தது. அந்தச் சிவப்பு அறைகளுக்குள் வெள்ளை உடை அணிந்த பெண்கள். ஒருத்தி இறந்துகொண்டிருக்கிறாள். ஜன்னல் வழியே வரும் வெளிச்சத்தைத்தான் நிக்விஸ்ட் பெரிதும் நம்பினார். சிவப்புச் சுவரில் பட்ட ஒளி முகத்திலும் சிவப்பைப் பூசிவிடும் என்பதால் எந்தச் சிவப்பு படச்சுருளில் எப்படி விழுகிறது என்று முன்கூட்டியே சோதித்துப் பார்த்தார்கள். 1974இல் நடந்த விழாவில் அவருக்கு முதல் ஆஸ்கர் கிடைத்தது இந்தப் படத்துக்குத்தான்.

இந்தப் படத்தின் பணக் கதையும் ஒளிப்பதிவாளர் வாழ்க்கையைப் பற்றி நிறையச் சொல்கிறது. பெர்க்மனிடம் போதிய பணம் இல்லை. முக்கிய நடிகைகளும் நிக்விஸ்ட்டும் தங்கள் சம்பளத்தையே படத்தில் முதலீடாகப் போட்டார்கள். ஐரோப்பாவில், அதுவும் சிறிய நாடுகளில், ஒரு படம் நடப்பதற்கே இப்படித் தோள்கொடுக்க வேண்டியிருந்தது. இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் இருபது வருடம் சேர்ந்து வேலை செய்தால் அது வெறும் ஒப்பந்தமாக இருக்க முடியாது.

1982இல் வந்த ‘ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்’ அவருக்கு இரண்டாவது ஆஸ்கரை வாங்கித் தந்தது. புதிதாகக் கற்பவர்களுக்கு நான் பரிந்துரைப்பது இந்தப் படம்தான், ஏனென்றால் பாடம் வெளிப்படையாகத் தெரியும். பாட்டியின் வீட்டில் கிறிஸ்துமஸ்: மெழுகுவத்தி, சிவப்பு வெல்வெட், பொன்னிறத் தோல். பிள்ளைகளின் தாய் பிஷப்பை மறுமணம் செய்து அவர் வீட்டுக்குப் போனதும் சுவர்கள் வெளுத்துவிடும், வெளிச்சம் சில்லிட்டுவிடும். ஒரு வசனமும் இல்லாமலே அந்தப் பிள்ளைகள் எதை இழந்தார்கள் என்று தெரிந்துவிடும்.

எல்லை தாண்டும் வேலை

பெர்க்மன் இல்லாத நிக்விஸ்ட்டும் பெரியவர்தான். ரோமன் போலன்ஸ்கியோடு பாரிஸில் ‘தி டெனன்ட்’ (1976), லூயி மால் இயக்கிய ‘பிளாக் மூன்’ (1975), பிறகு அமெரிக்காவில் வூடி ஆலனோடு பல படங்கள். ஹெர்மன் ஹெஸ்ஸேயின் நாவலை வைத்து 1972இல் எடுத்த ‘சித்தார்த்தா’ படத்துக்காக இந்தியாவுக்கும் வந்தார். சசி கபூர் நடித்த அந்தப் படத்தில் ஆற்றங்கரை அதிகாலைகளைப் பாருங்கள். சுவீடனில் மங்கிய வெளிச்சத்தைப் படித்தவர் நம் ஊர் வெளிச்சத்தின் முன் எப்படி நின்றிருக்கிறார் என்று தெரியும்.

புது இயக்குநரோடு வேலை செய்வது புது மொழி கற்பதுபோல. 1985இல் சுவீடனின் கோட்லாண்ட் தீவில் ஆந்திரே தார்கோவ்ஸ்கியின் ‘தி சாக்ரிஃபைஸ்’ படத்தை எடுத்தபோது நிக்விஸ்ட் அதை நன்றாகவே உணர்ந்தார். பெர்க்மன் கேமராவை அவரிடமே விட்டுவிடுவார். தார்கோவ்ஸ்கியோ மணிக்கணக்கில் தானே வியூஃபைண்டரில் கண் வைத்து ஷாட்டை அமைப்பார். முதலில் நிக்விஸ்ட்டுக்கு அது கஷ்டமாக இருந்தது. போகப்போக, நீண்ட நகரும் ஷாட்களில் அவர் எதைத் தேடுகிறார் என்று புரிந்துகொண்டார்.

அந்தப் படத்தின் இறுதியில் ஒரு வீடு எரிகிறது. ஒரே ஷாட், 6 நிமிடத்துக்கு மேல். உண்மையான வீட்டைக் கட்டி உண்மையாகவே கொளுத்தினார்கள். பாதியில் கேமரா சிக்கிக்கொண்டது. வீடு எரிந்து முடிந்தது. படச்சுருளில் ஷாட் இல்லை. வீட்டைத் திரும்பக் கட்டி, இன்னொரு முறை கொளுத்தி எடுத்தார்கள். நாம் இன்று பார்ப்பது இரண்டாவது நெருப்பு. ஒளிப்பதிவாளரின் பொறுப்பு எவ்வளவு கனமானது என்று கேட்பவர்களுக்கு இந்த ஒரு சம்பவம் போதும். 1986 கான் திரைப்பட விழாவில் கலைப் பங்களிப்புக்கான பரிசு நிக்விஸ்ட்டுக்குக் கிடைத்தது. அந்த வருடக் கடைசியில் தார்கோவ்ஸ்கி காலமானார்.

வேறு வாசல்கள்

உதவியாளராகச் சேர்ந்து படிப்படியாக ஏறுவது ஒரு வழி. எல்லோரும் அப்படி வரவில்லை. பிரான்சின் ராவுல் கூத்தார் இந்தோசீனப் போர்க்களத்தில் புகைப்படக்காரராக இருந்தவர். ஆப்கானிஸ்தானில் எடுக்கும் படம் ஒன்றுக்கு ஸ்டில் போட்டோ எடுக்கத்தான் அழைக்கிறார்கள் என்று நினைத்து ஒத்துக்கொண்டார். போன பிறகுதான் ஒளிப்பதிவாளரே தான்தான் என்று தெரிந்தது. 1959இல் பிரெஞ்சு இயக்குநர் ஜான்-லுக் கோதாரின் ‘பிரெத்லெஸ்’ படத்தைப் பாரிஸ் தெருக்களில் விளக்கில்லாமல் எடுக்க வேண்டியிருந்தபோது, அன்றைய சினிமாச் சுருளின் உணர்திறன் போதவில்லை. ஸ்டில் கேமராவுக்கான இல்ஃபோர்டு எச்பிஎஸ் சுருள்களைத் துண்டு துண்டாக ஒட்டிச் சேர்த்துப் பயன்படுத்தினார்கள். டிராலிக்குப் பதில் சக்கர நாற்காலி. செய்தியாளராக அவர் பழகியிருந்த வேகம்தான் அந்தப் படத்தின் நடையாக மாறியது.

பெண் ஒளிப்பதிவாளரான அஞ்ஞேஸ் கொதார் பாரிஸின் திரைப்படப் பள்ளியான ஐடெக்கில் படித்தவர். விம் வெண்டர்ஸின் ‘விங்ஸ் ஆஃப் டிசயர்’ படத்தில் முதுபெரும் ஒளிப்பதிவாளர் ஹென்றி அலேகானின் குழுவில் வேலை செய்தார். அலேகானுக்கு அப்போது 77 வயதுக்கு மேல். தேவதைகள் பார்க்கும் கறுப்பு வெள்ளை உலகத்துக்காகத் தன் பாட்டியின் பட்டுக் காலுறையை லென்ஸுக்கு வடிகட்டியாக அவர் போட்டார் என்பது இந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த கதை. கொதார் பின்னர் இயக்குநர் கிளேர் டெனியோடு சேர்ந்தார். ஜிபூட்டியின் பாலைநிலத்தில் எடுத்த ‘போ திரவாய்’ (1999) அவருக்கு பிரான்சின் சேசார் விருதைப் பெற்றுத் தந்தது. பெரும்பாலும் ஆண்களே கேமராவைத் தொட்ட துறையில் இது சாதாரண உயரமில்லை. அமெரிக்க ஆஸ்கரில் ஒளிப்பதிவுக்காக ஒரு பெண் முதன்முதலில் பரிந்துரைக்கப்பட்டதே 2018இல்தான்.

இன்று ஐரோப்பாவில் பெரும்பாலானவர்கள் பள்ளி வழியாக வருகிறார்கள். போலந்தில் லோட்ஸ், செக் நாட்டில் ஃபாமு, பாரிஸில் லூயி லூமியர் பள்ளியும் லா ஃபெமியும், ரோமில் சென்ட்ரோ ஸ்பெரிமென்டாலே. ஒளிப்பதிவாளர்களுக்கென்றே 1993 முதல் போலந்தில் ‘கேமரிமேஜ்’ விழா நடக்கிறது. அதன் முதல் வாழ்நாள் சாதனை விருது நிக்விஸ்ட்டுக்குத்தான்.

பள்ளி முடித்து வருபவருக்கு ஒரு விசித்திரமான உண்மை காத்திருக்கிறது: அவருடைய பாஸ்போர்ட்டும் வேலையைத் தீர்மானிக்கும். ஐரோப்பியப் படங்கள் பல நாடுகளின் அரசு நிதியைச் சேர்த்து எடுக்கப்படுபவை. 1992இன் ஐரோப்பியக் கூட்டுத் தயாரிப்பு உடன்படிக்கை ஒரு மதிப்பெண் அட்டவணை போட்டது. இயக்குநர் ஐரோப்பியர் என்றால் 3 புள்ளி, திரைக்கதை எழுதியவருக்கு 3, ஒளிப்பதிவாளருக்கு 1, ஒலிப்பதிவாளருக்கு 1 என்று மொத்தம் 19. அதில் 15 வந்தால் அது ஐரோப்பியப் படமாகக் கருதப்பட்டது. அதோடு, பணம் போடும் ஒவ்வொரு நாடும் தன் நாட்டுக் கலைஞர்களுக்கு வேலை எதிர்பார்க்கும். அதனால் இயக்குநர் ஒரு நாட்டிலிருந்தும் ஒளிப்பதிவாளர் இன்னொரு நாட்டிலிருந்தும் நிறம் சரிசெய்யும் ஸ்டுடியோ மூன்றாவது நாட்டிலும் அமைவது சகஜம். ஒரு படத்தின் முடிவில் ஓடும் பெயர்களில் இத்தனை நாடுகள் ஏன் என்று யோசித்திருந்தால், காரணங்களில் ஒன்று இது.

நிக்விஸ்ட் 1998இல் வேலையை நிறுத்தினார். அஃபேசியா என்ற, பேச்சையும் மொழியையும் பறிக்கும் நோய் அவரைப் பிடித்திருந்தது. அதற்கு முந்தைய வருடம் வெளியான அவருடைய நினைவுக்குறிப்புகளின் தலைப்பைத் தமிழில் ‘ஒளியின் மேல் பயபக்தி’ என்று சொல்லலாம். 2006 செப்டம்பர் 20 அன்று ஸ்டாக்ஹோமில் இறந்தார்.

இதைப் படித்துவிட்டு ஏதாவது செய்து பார்க்க நினைத்தால் பெரிய கேமரா தேவையில்லை. விடுமுறை நாளில் வீட்டில் ஜன்னல் உள்ள ஓர் அறையைத் தேர்ந்தெடுங்கள். எல்லா விளக்கையும் அணைத்துவிட்டு, ஒரு நாற்காலியில் வீட்டு ஆள் யாரையாவது உட்கார வையுங்கள். பாட்டி இருந்தால் மிக நல்லது, அவர் அசையாமல் உட்காருவார். ஃபோனை ஓர் இடத்தில் நிறுத்தி, காலை 11 மணி முதல் 2 மணி வரை பத்து நிமிடத்துக்கு ஒரு படம் எடுங்கள். ஆரம்பத்திலேயே எக்ஸ்போஷரையும் ஒயிட் பேலன்ஸையும் பூட்டிவிடுங்கள். இல்லையென்றால் ஃபோன் தானாகவே எல்லாப் படத்தையும் ஒரே வெளிச்சத்துக்குக் கொண்டுவந்துவிடும். நீங்கள் பார்க்க உட்கார்ந்த மாற்றமே படத்தில் இருக்காது.